யூதாவுக்கு இடம் கிடைத்தது, ஏனோக்குக்குக் கிடைக்கவில்லை

சித்தப்பா நாகர்கோவிலிலிருந்து வாட்ஸ்அப்பில் அனுப்பும் வீடியோக்களில் பாதிக்கு மேல் ஏனோக்கு என்ற, நம் பைபிளில் இல்லாத பழைய புத்தகத்தைப் பற்றியவை. முகப்பில் சிறகு விரித்த தூதன், பின்னால் மின்னல், சிவப்பு எழுத்தில் 'சபை மறைத்த புத்தகம்'. சித்தப்பா கணக்கு வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர். எதையும் விடாமல் கேட்பார். "மக்களே, நைசியாவுல அந்த ராஜா பிஷப்மாரை உக்கார வச்சு ஓட்டு எடுத்துத்தானே எந்தப் புத்தகம் வேணும், எது வேண்டாம்னு முடிவு பண்ணுனான்? அப்போ ஓட்டுல தோத்த புத்தகத்துல என்ன இருந்துச்சுன்னு நமக்குத் தெரிய வேண்டாமா?"

கேள்வியின் பின்பாதி நியாயமானது. முன்பாதி நடக்கவே இல்லை.

325இல் ரோமப் பேரரசன் கான்ஸ்டன்டைன் நைசியாவில் கூட்டிய ஆயர்களின் சங்கம், கிறிஸ்து படைக்கப்பட்டவர் என்று சொல்லி ஆரியுஸ் என்ற குரு கிளப்பிய சண்டையைப் பேசியது, உயிர்த்தெழுந்த பண்டிகையை எந்த நாளில் கொண்டாடுவது என்று பேசியது, குருமாருக்கான ஒழுங்குகளாக 20 விதிகளை எழுதியது. அந்த இருபதில் வேதாகம நூல்களின் பட்டியல் கிடையாது. பிறகு இந்தக் கதை எங்கிருந்து வந்தது? ஒன்பதாம் நூற்றாண்டு வாக்கில் எழுதப்பட்ட ஒரு பைசாந்தியத் தொகுப்பில் வருகிறது. எல்லாப் புத்தகங்களையும் பலிபீடத்தருகே வைத்துவிட்டு ஜெபித்தார்களாம், தேவ ஆவியால் ஆனவை மேலே வந்திருந்தனவாம், பொய்யானவை கீழேயே கிடந்தனவாம். சங்கம் முடிந்து ஐந்நூறு ஆண்டுக்குப் பிறகு எழுதப்பட்ட அற்புதக் கதை. பதினெட்டாம் நூற்றாண்டில் வால்டேர் அதை எடுத்துக் கேலி செய்ய, ஐரோப்பா முழுக்கப் பரவியது. கேலி உதிர்ந்துபோய் 'நைசியா தீர்மானித்தது' என்பது மட்டும் நம் காலத்துக்கு வந்து சேர்ந்திருக்கிறது.

சரி, முடிவெடுத்த இடம் என்று ஒன்றைக் காட்டியே ஆகவேண்டும் என்றால் நான் சபையின் வாசிப்பு மேடையைக் காட்டுவேன். ஞாயிறு கூடுகையில் எதைச் சத்தமாக வாசித்தார்கள், எதை வாசிக்கலாமா என்று சண்டை போட்டார்கள், எதை வாசிக்க ஆளில்லாமல் போயிற்று என்பதுதான் முந்நூறு ஆண்டுக் கதை. சங்கங்கள் பின்னால் வந்து கையெழுத்துப் போட்டன.

அந்தக் காலத்துச் சபையில் 'பைபிள்' எப்படி இருந்தது என்று பார்க்க ஒரு போலீஸ் ரெய்டு அறிக்கையை விட நல்ல இடம் இல்லை. 303இல் பேரரசன் தியோக்லேசியன், ஆலயங்களை இடிக்கவும் வேதப் புத்தகங்களை எரிக்கவும் ஆணையிட்டான். அதே ஆண்டு மே 19 அன்று வட ஆப்பிரிக்காவின் சிர்த்தாவில் (இன்று அல்ஜீரியாவின் கான்ஸ்டன்டைன் நகரம்) நகரத் தலைவர் முனாத்தியுஸ் ஃபேலிக்ஸ் ஆட்களோடு கிறிஸ்தவர்கள் கூடும் வீட்டுக்குள் நுழைந்தார். உள்ளே நடந்ததைக் குமாஸ்தா வரிக்கு வரி எழுதினார். பிற்பாடு வேறொரு வழக்கில் அந்த ஆவணம் சாட்சியாக வைக்கப்பட்டதால் நமக்குப் பிழைத்திருக்கிறது.

முதலில் சாமான் பட்டியல். பொன் கிண்ணங்கள் 2, வெள்ளிக் கிண்ணங்கள் 6, வெள்ளி விளக்குகள் 7. அப்புறம் பெண்கள் அணியும் அங்கிகள் 82, பெண்களின் செருப்புகள் 47 ஜோடி. ஏழைகளுக்குக் கொடுப்பதற்காகச் சேர்த்து வைத்தவையாக இருக்க வேண்டும். நூலக அறைக்குப் போனார்கள். அலமாரிகள் காலி. புத்தகங்கள் எங்கே என்று கேட்டதற்கு ஆயர் பவுல், வேதங்கள் வாசகர்களிடம், அதாவது சபையில் சத்தமாக வாசிப்பவர்களிடம், இருக்கின்றன என்றார். வாசகர்கள் யார் என்று காட்டு. எல்லோருக்கும் தெரியுமே. எங்களுக்குத் தெரியாது. உங்கள் ஆபீஸ் எழுத்தர்களுக்குத் தெரியும், அவர்களைக் கேளுங்கள். ஆயர் இப்படி இழுத்தடித்தார். உதவி ஊழியர் இருவர், நாங்கள் காட்டிக்கொடுப்பவர்கள் இல்லை, வேண்டுமானால் கொன்றுபோடுங்கள் என்றார்கள். அவர்களைப் பிடித்து அடைத்தார்கள்.

கடைசியில் வீடு வீடாகப் போனார்கள். ஒரு வாசகர் வீட்டில் 4 புத்தகங்கள், அடுத்த வீட்டில் 5, இன்னொரு வீட்டில் 8. ஒருவர் பெரியதாக ஐந்தும் சின்னதாக இரண்டும் கொடுத்தார். இலக்கண ஆசிரியர் விக்டர் வீட்டில் 2 புத்தகங்களும், தைக்கப்படாத நான்கு கட்டுத் தாள்களும். ஒரு வீட்டில் கணவன் இல்லை, மனைவி உள்ளே போய் ஆறு புத்தகங்களை எடுத்துவந்து தந்தாள்.

ஒரு சபையின் வேதாகமம் இப்படி ஏழெட்டு வீடுகளில் துண்டு துண்டாகக் கிடந்தது. 'ஆதியாகமம் முதல் வெளிப்படுத்தின விசேஷம் வரை' ஒரே அட்டைக்குள் பார்த்தவர்கள் அந்த ஊரில் யாரும் இருந்திருக்க மாட்டார்கள். அட்டை ஒன்று என்றால்தானே எது உள்ளே, எது வெளியே என்ற கேள்வி வரும்? ஆனால் போலீஸ் கதவைத் தட்டும்போது வேறொரு கேள்வி வந்துவிடுகிறது. எதற்காக அடி வாங்கலாம், எதைக் கொடுத்துத் தப்பிக்கலாம்? கார்த்தேஜின் ஆயர் மென்சூரியுஸ் இதற்கு ஒரு வழி கண்டுபிடித்தார். வேதங்களை எடுத்து ஒளித்துவிட்டு, மாறுபட்ட கொள்கைக்காரர்களின் புத்தகங்களை ஆலயத்தில் போட்டு வைத்தார். அதிகாரிகள் அவற்றை அள்ளிக்கொண்டு திருப்தியாகப் போனார்கள். தள்ளுபடிப் புத்தகங்களால் ஒரு சபைக்குக் கிடைத்த மிகப் பெரிய உபகாரம் இதுதான் என்பேன்.

இதற்கு நூறு ஆண்டு முன்னால், 200க்குச் சற்று முன்னும் பின்னுமாக, அந்தியோகியாவின் ஆயர் செராப்பியோன் தம் வட்டாரத்திலுள்ள ரோசுஸ் என்ற கடலோர ஊருக்குப் போனார். இன்று துருக்கியில் அர்சூஸ். அங்கே 'பேதுருவின் சுவிசேஷம்' என்று ஒன்றைச் சபையில் வாசித்து வந்திருக்கிறார்கள். அதைப் பற்றிச் சிலருக்கு மனத்தாங்கல். செராப்பியோன் புத்தகத்தைப் படிக்காமலே, உங்களுக்குள் சண்டைக்குக் காரணம் இது ஒன்றுதான் என்றால் வாசித்துக்கொள்ளுங்கள் என்று சொல்லிவிட்டு ஊர் திரும்பினார். பிறகு வேறு செய்தி வந்தது. கிறிஸ்துவுக்கு உண்மையான சரீரம் இல்லை, தோற்றம் மட்டும்தான் என்று சொல்லும் கூட்டம் அந்தப் புத்தகத்தைப் பிடித்துக்கொண்டிருக்கிறது என்று. அந்தக் கூட்டத்தாரிடமே ஒரு பிரதியை இரவல் வாங்கிப் படித்தார். பெரும்பாலானது சரியாகத்தான் இருக்கிறது, சில சேர்க்கைகள் இருக்கின்றன என்று எழுதி, அவற்றையும் குறித்து அனுப்பினார். பேதுருவையும் மற்ற அப்போஸ்தலரையும் கிறிஸ்துவைப் போலவே ஏற்கிறோம், அவர்கள் பெயரில் வரும் போலி எழுத்தை ஏற்கமாட்டோம் என்பது அவர் சொன்ன காரணம்.

எனக்கு இந்த மனிதரை மிகவும் பிடிக்கும். பட்டியல் எதுவும் கையில் இல்லாத காலம். ஒரு புதுச் சுவிசேஷத்தின் பெயரைக் கேட்டதும் பதறவில்லை. 'நான்குதான் உண்டு, ஐந்தாவது எப்படி?' என்றும் கேட்கவில்லை. படித்துவிட்டு முடிவு சொன்னார், கொஞ்சம் தாமதமாக.

அந்தப் புத்தகத்தில் என்ன இருந்தது என்பது 1886-87 குளிர்காலத்தில் தெரிந்தது. எகிப்தின் அக்மீமில் ஒரு கல்லறையிலிருந்து சின்னத் தோல் புத்தகம் ஒன்று கிடைத்தது. துறவியின் கல்லறை என்கிறார்கள். உள்ளே பேதுருவின் சுவிசேஷத்தில் ஒரு பகுதி. உயிர்த்தெழும் காட்சியை நம் நான்கு சுவிசேஷங்களும் காட்டுவதே இல்லை, காலியான கல்லறையைத்தான் காட்டுகின்றன. இதில் முழுதாக நடக்கிறது. இரவில் வானம் திறக்கிறது, இரண்டு பேர் இறங்குகிறார்கள், கல் தானாக உருண்டு விலகுகிறது. உள்ளே போன இருவரும் மூன்றாவது ஒருவரைத் தாங்கிக்கொண்டு வெளியே வருகிறார்கள். இருவரின் தலையும் வானத்தை எட்டுகிறது, நடுவில் இருப்பவரின் தலை வானத்துக்கும் மேலே. பின்னால் சிலுவை நடந்து வருகிறது. மேலிருந்து ஒரு சத்தம், நித்திரையடைந்தவர்களுக்குப் பிரசங்கித்தாயா என்று கேட்க, சிலுவை ஆம் என்கிறது. படிக்கும்போது மயிர்க்கூச்செறிகிறது, மறுக்கவில்லை. ஆனால் மாற்குவின் கடைசி அதிகாரத்தில் பெண்கள் பயந்து ஓடுவதைப் படித்துவிட்டு இங்கே வந்தால், யாரோ சந்தேகத்துக்கு இடமே விடக்கூடாது என்று உட்கார்ந்து எழுதியது போலத் தோன்றுகிறது.

அதே தோல் புத்தகத்தில் பேதுருவின் வெளிப்பாடு என்ற நரக வர்ணனையும், ஏனோக்கின் முதல் பகுதியும் இருந்தன. அந்தப் பிரதி ஆறாம் நூற்றாண்டுக்கும் ஒன்பதாம் நூற்றாண்டுக்கும் இடையில் எழுதப்பட்டது. அதாவது பட்டியல் முடிவாகி நூறு ஆண்டாவது கழிந்த பிறகும் ஒருவர் பட்டியலில் இல்லாத மூன்றையும் ஒன்றாக நகலெடுத்திருக்கிறார், இன்னொருவரோடு அது மண்ணுக்குள் போயிருக்கிறது. மேடையில் வாசிக்கக்கூடாது என்பது வேறு, வைத்திருக்கக்கூடாது என்பது வேறு.

இந்த வித்தியாசம் ஆரம்பத்திலிருந்தே உண்டு. மிலான் நூலகத்தில் கண்டெடுத்து 1740இல் வெளியிட்ட 85 வரி லத்தீன் துண்டு ஒன்று இருக்கிறது. முராத்தோரி துண்டு என்பார்கள். அது இரண்டாம் நூற்றாண்டா நான்காம் நூற்றாண்டா என்று அறிஞர்கள் இன்றும் மல்லுக்கட்டுகிறார்கள். அதில் ஹெர்மாஸ் எழுதிய 'மேய்ப்பன்' பற்றி, படிக்க வேண்டிய நூல்தான், ஆனால் நம் காலத்தில் அண்மையில் எழுதப்பட்டதால் சபையில் மக்கள் முன் வாசிக்கலாகாது என்று வருகிறது. புத்தகத்தின் மேல் குற்றம் எதுவும் சொல்லவில்லை. வயது போதாது, அவ்வளவுதான். நான்காம் நூற்றாண்டு வேதாகமக் கையெழுத்துப் பிரதியான சினாய் பிரதியில் வெளிப்படுத்தின விசேஷத்துக்குப் பிறகு பர்னபாவின் நிருபமும் இந்த மேய்ப்பனும் தொடர்ந்து வருகின்றன.

நைசியா காலத்துச் சரித்திர ஆசிரியர் யூசிபியஸ் போட்ட பட்டியலைப் பார்த்தாலே ஓட்டெடுப்புக் கதை விழுந்துவிடும். எல்லோரும் ஏற்றவை ஒரு வரிசை. சிலர் மறுப்பவை ஒரு வரிசை: யாக்கோபு, யூதா, பேதுருவின் இரண்டாம் நிருபம், யோவானின் இரண்டாம் மூன்றாம் நிருபங்கள். போலி என்று தள்ளப்படுபவை இன்னொரு வரிசை. வெளிப்படுத்தின விசேஷத்தை எங்கே வைத்தார்? 'சரியென்று தோன்றினால்' என்று சொல்லி முதல் வரிசையில் வைத்தார், அதே வார்த்தையைச் சொல்லிப் போலிகளோடும் வைத்தார். பேரரசனுக்கு நெருக்கமான ஆயருக்கே இந்த நிலைமை.

வெளிப்படுத்தின விசேஷத்துக்கு வந்த சோதனை கொஞ்சநஞ்சமல்ல. மூன்றாம் நூற்றாண்டின் நடுவில் எகிப்தின் அர்சினோயே வட்டாரக் கிராமங்களில், ஆயிரம் வருட அரசாட்சி இந்தப் பூமியிலேயே வரப்போகிறது என்ற போதனை பரவியிருந்தது. அலெக்சாந்திரியாவின் ஆயர் தியோனிசியஸ் நேரே போய் அந்த ஊர்ப் போதகர்களையும் விசுவாசிகளையும் கூட்டி, மூன்று நாள் காலையிலிருந்து சாயங்காலம் வரை பேசினார். கடைசியில் அவர்கள் ஒத்துக்கொண்டார்கள். பிறகு அவர் எழுதியது இன்றைய கல்லூரிப் பேராசிரியர் எழுதியது போல இருக்கும்: யோவான் சுவிசேஷத்தின் கிரேக்கம் சுத்தமானது, இந்தப் புத்தகத்தின் கிரேக்கத்தில் இலக்கணப் பிழைகள் இருக்கின்றன, சொற்களும் வேறு, ஆகவே எழுதியவர் வேறொரு யோவான். ஆனாலும் பல சகோதரர்கள் மதிக்கும் புத்தகத்தைத் தூக்கியெறியத் துணியமாட்டேன் என்று நிறுத்திக்கொண்டார். கிழக்கத்திய ஆர்த்தடாக்ஸ் சபைகள் அதைப் பட்டியலில் ஏற்றுக்கொண்டும் இன்றுவரை ஆராதனை வாசிப்பில் சேர்க்கவில்லை. சீரிய மொழியின் பழைய வேதாகமமான பெஷித்தாவில் புதிய ஏற்பாடு 22 புத்தகங்கள்தான். அந்த வழிவந்த கிழக்கு அசீரியச் சபைக்குத் திருச்சூரில் கிளை உண்டு. நாகர்கோவிலிலிருந்து ஒரு நாளில் போய்ச் சேரும் தூரம்.

இன்றைய 27 புத்தகங்களும் கூடாமல் குறையாமல் ஒரே பட்டியலில் வருவது 367இல். அலெக்சாந்திரியா ஆயர் அத்தனாசியஸ் ஆண்டுதோறும் பண்டிகைத் தேதியை அறிவித்து எழுதும் கடிதங்களில் 39ஆவது அது. அவரும் கையோடு ஒரு துணைப் பட்டியல் தருகிறார். வேதத்தில் சேராதவை, ஆனால் புதிதாகச் சபையில் சேருகிறவர்களுக்கு வாசிக்கத் தக்கவை: ஞானம், சீராக், யூதித்து, தோபித்து, மேய்ப்பன், அப்புறம் எஸ்தர். ஆமாம், எஸ்தர். நம் பக்கம் வீட்டுக்கு வீடு ஒரு எஸ்தர் இருப்பாள், அத்தனாசியஸுக்கு அவள் வெளியே. 397இல் கார்த்தேஜ் சங்கம் போட்ட விதியும் வாசிப்பைப் பற்றியதுதான்: தேவ வேதம் என்ற பெயரில் சபையில் இவை தவிர வேறெதுவும் வாசிக்கக்கூடாது, ஆனால் இரத்தசாட்சிகளின் வரலாற்றை அவரவர் நினைவு நாளில் வாசிக்கலாம்.

இனி ஏனோக்கு. ஆதியாகமம் 6இல் தேவகுமாரர் மனுஷ குமாரத்திகளை மணந்தார்கள் என்று நாலு வசனத்தில் முடிந்துவிடும் விஷயத்தை இது விரித்துச் சொல்கிறது. 200 தூதர்கள் எர்மோன் மலையில் இறங்குகிறார்கள். அசாசேல் மனிதருக்கு வாள் செய்யவும் கண்ணுக்கு மை தீட்டவும் கற்றுக்கொடுக்கிறான். பிறந்த இராட்சதர் ஊரையே தின்று தீர்க்கிறார்கள். மொத்தம் 108 அதிகாரம், அதில் சூரிய சந்திரரின் கணக்கு ஒரு பெரும் பகுதி. சித்தப்பாவுக்கு அந்தப் பகுதி பிடிக்கும் என்று நினைக்கிறேன்.

யூதா எழுதிய 25 வசன நிருபத்தில் 14ஆம் வசனம், "ஆதாமுக்கு ஏழாந்தலைமுறையான ஏனோக்கும்" என்று தொடங்கி, இந்தப் புத்தகத்தின் முதல் அதிகாரத்திலிருந்து ஒரு வாக்கியத்தையே தீர்க்கதரிசனமாக எடுத்துச் சொல்கிறது. அப்படியானால் ஏனோக்கு வேதமா? ஆம் என்றார் கார்த்தேஜின் கிறிஸ்தவ எழுத்தாளர் தெர்துல்லியன், 200 வாக்கில், பெண்களின் அலங்காரத்தைத் திட்டி எழுதிய நூலில். அசாசேல்தான் மை தீட்டக் கற்றுக்கொடுத்தான் என்பது அவருக்கு மிகவும் தேவைப்பட்டது. ஜலப்பிரளயத்தைத் தாண்டி ஒரு புத்தகம் எப்படிப் பிழைக்கும் என்று கேட்டவர்களுக்கு, நோவா ஏனோக்கின் கொள்ளுப்பேரன்தானே, குடும்பத்தில் கேட்டதை நினைவில் வைத்திருக்கமாட்டானா என்றார். இருநூறு ஆண்டு கழித்து, வேதத்தை லத்தீனில் பெயர்த்த ஜெரோம் எழுதுகிறார்: ஏனோக்கை மேற்கோள் காட்டுவதால் யூதாவின் நிருபத்தையே பலர் தள்ளுகிறார்கள், ஆனாலும் பழமையாலும் பயன்பாட்டாலும் அது வேதங்களில் ஒன்றாக எண்ணப்படும் தகுதியைப் பெற்றுவிட்டது.

பழமையாலும் பயன்பாட்டாலும். யூதாவை அப்போஸ்தலர் எழுதினார் என்று நிரூபித்துவிட்டோம் என்றோ, சங்கம் தீர்ப்புச் சொன்னது என்றோ ஜெரோம் சொல்லவில்லை. எல்லோரும் வாசித்துப் பழகிவிட்டார்கள், இனி எடுக்க முடியாது. வட ஆப்பிரிக்க ஆயர் அகஸ்டின், ஏனோக்கு தெய்வீகமாகச் சிலவற்றை எழுதியிருக்கத்தான் வேண்டும், யூதாவே சொல்கிறாரே, ஆனால் இவ்வளவு பழைய எழுத்தை நம்ப முடியாது என்றார். மேய்ப்பன் புதுசாக இருந்ததால் வெளியே போயிற்று, ஏனோக்கு பழசாக இருந்ததால் வெளியே போயிற்று. காரணங்கள் பின்னால் தேடப்பட்டன என்று நான் சொல்வதற்கு இதைவிடச் சாட்சி வேண்டாம்.

அதன் பிறகு யாரும் ஏனோக்கைத் தேடித் தேடி எரிக்க வேண்டியிருக்கவில்லை. தோல் விலை அதிகம், எழுதக் கூலி அதிகம், மேடைக்குப் போகாத புத்தகத்தை எத்தனை பேர் நகலெடுப்பார்கள்? கிரேக்கத்தில் சில பகுதிகள் தங்கின, ஐரோப்பாவில் முழுப் பிரதி இல்லாமல் போயிற்று. எத்தியோப்பியாவில் மட்டும் கீயெஸ் மொழியில் முழுதாக வாழ்ந்தது, ஏனென்றால் அங்கே அது வேதம். அந்தச் சபையின் கணக்கு 81 புத்தகங்கள். ஜேம்ஸ் புரூஸ் என்ற ஸ்காட்லாந்துப் பயணி 1773இல் பிரதிகளைக் கொண்டுவந்த பிறகுதான் ஐரோப்பியருக்கு அது கையில் கிடைத்தது. 1821இல் ரிச்சர்ட் லாரன்ஸ் ஆங்கிலத்தில் பெயர்த்தார். சாக்கடலோரத்துக் கும்ரானின் நான்காம் குகையில் அரமாயிக் துண்டுகள் கிடைத்தபோது, கிறிஸ்துவுக்கு முன்பே யூதர்கள் அதைப் படித்தது உறுதியாயிற்று. எத்தியோப்பியக் குருமாரிடம் போய் 'மறைக்கப்பட்ட புத்தகம்' என்று சொன்னால் என்னவென்று கேட்பார்கள்.

சித்தப்பாவிடம் இவ்வளவையும் சொன்னதற்கு, "அப்போ நம்ம பைபிள்ல 66னு யாரு முடிவு பண்ணுனா?" என்றார். புராட்டஸ்டன்ட் பைபிளின் 66 வேறு கதை, அதிலும் மேடை உண்டு, கூடவே அச்சகமும் உண்டு. ஜெர்மனியில் சபைச் சீர்திருத்தத்தைத் தொடங்கிய லூத்தர் 1522இல் அச்சிட்ட புதிய ஏற்பாட்டில் எபிரெயர், யாக்கோபு, யூதா, வெளிப்படுத்தின விசேஷம் நான்கையும் எண் போடாமல் கடைசியில் தள்ளிவைத்தார், ஆனால் நீக்கவில்லை. தோபித்து போன்றவற்றை 1534இல் இரண்டு ஏற்பாடுகளுக்கும் நடுவில் வைத்தார், படிக்க நல்லவை என்று. 1546இல் கத்தோலிக்கரின் திரெந்து சங்கம் அவற்றை வேதம் என்றே அறிவித்தது. லூத்தரன் மிஷனரிகள் நம் தரங்கம்பாடியில் அச்சிட்ட தமிழ்ப் பழைய ஏற்பாட்டிலும் 1728இல் வந்த கடைசிப் பகுதியில் தோபித்து போன்ற இந்தத் தள்ளுபடி ஆகமங்கள் இருந்தன.

போன வருடம் ஒரு கத்தோலிக்க நண்பனின் கல்யாணத்துக்கு அம்மாவும் வந்திருந்தாள். முதல் வாசகம் தோபித்து, மணமக்கள் முதலிரவில் எழுந்து ஜெபிக்கும் பகுதி. அம்மா கைப்பையிலிருந்து வேதாகமத்தை எடுத்துப் புரட்டிப் பார்த்துவிட்டு, "இது எந்த ஆகமம்டா? நல்லாத்தானே இருக்கு, நம்மள்ல ஏன் இல்ல?" என்று காதோரம் கேட்டாள். உடன்படாத இறையியல் முந்நூறு ஆண்டாக இருந்தது, ஆனால் அச்சிலிருந்து விழுந்தது பணத்தால் என்றேன். பிரிட்டிஷ் அண்ட் ஃபாரின் பைபிள் சொசைட்டிக்குள் ஸ்காட்லாந்துக் கிளைகள் கிளப்பிய தகராறில், இந்த ஆகமங்களைச் சேர்த்து அச்சிடும் யாருக்கும் காசு கிடையாது என்று 1826இல் தீர்மானம் போட்டார்கள். மலிவு விலை வேதாகமம் உலகமெங்கும் பெரும்பாலும் அவர்கள் பணத்தில்தான் போயிற்று. அம்மா, "ஓ, காசு குடுத்தவன் சொன்னானாக்கும்" என்றாள். பிறகு பக்கத்து இருக்கைக்காரரிடம் அந்த வாசகத்தின் அதிகாரத்தையும் வசனத்தையும் கேட்டு, கல்யாணப் பத்திரிகையின் பின்பக்கத்தில் குறித்துக்கொண்டாள்.